ரசிகர் மாநாட்டில் காமிரா: படக்கதை ஓவியர் பேட்டிகள் பற்றி ஓர் ஆய்வு

(மூன்றாம் ஆண்டு, இளங்கலை வரலாறு)

வரலாறு படிக்கும் மாணவன் கல்வெட்டை நாடுவான், செப்பேட்டை நாடுவான், பழைய கடிதங்களையும் தீர்ப்புகளையும் நாடுவான். "படக்கதை வரைந்தவரின் பேட்டியையுமா ஆராய்வார்கள்?" என்று வகுப்பு நண்பர் ஒருவர் என்னைக் கேட்டார். ஆராய்ந்தே தீரவேண்டிய காரணம் ஒன்று உண்டு என்பது என் துணிபு. இருபதாம் நூற்றாண்டில் பல நாட்டுச் சிறுவர்களின் கையில் தவழ்ந்த இக்கலையில், படைத்தவரின் பெயர் நெடுங்காலம் அச்சேறவே இல்லை. யார் எதை வரைந்தார் என்பதற்குப் பல இடங்களில் அவருடைய வாய்ச்சொல்லே முதன்மைச் சான்று. அந்த வாய்ச்சொல் பெருமளவில் பதிவான இடம் ரசிகர் மாநாடு. பதிவு செய்த கருவி முதலில் ஒலிநாடா, பின்னர் காமிரா. அப்பதிவுகள் எவ்வாறு எடுக்கப்பட்டன, எவ்வாறு எடுக்கப்பட வேண்டும், அவற்றை எந்த அளவுக்கு நம்பலாம் என்பனவற்றை இக்கட்டுரையில் காண்போம். பெரும்பாலும் அமெரிக்க நாட்டுச் செய்திகளே இதில் வரும். நான் பார்த்துப் படித்த பேட்டிகள் பெரும்பாலும் அந்நாட்டைச் சேர்ந்தவை.

பெயரில்லாத ஓவியர்

1938ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் ஜெர்ரி சீகல் என்னும் எழுத்தாளரும் ஜோ ஷஸ்டர் என்னும் ஓவியரும் தாங்கள் படைத்த சூப்பர்மேனை முழு உரிமையுடன் 130 டாலருக்கு விற்றுவிட்டனர். முதலில் கதையின் தலைப்பில் இருவர் பெயரும் இடம்பெற்று வந்தது. 1947இல் அவர்கள் வழக்குத் தொடுத்தனர்; அதன்பின் அப்பெயர்களும் நீக்கப்பட்டன. மீண்டும் அச்சில் ஏற 1975 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. அப்பொழுதும் அது தானாக வரவில்லை. நீல் ஆடம்ஸ், ஜெர்ரி ராபின்சன் ஆகிய ஓவியர்கள் பத்திரிகைகளிலும் தொலைக்காட்சியிலும் குரல் எழுப்பிய பிறகே, ஆண்டுக்கு 20,000 டாலர் உதவித்தொகையும் பெயர்ப் பொறிப்பும் கிடைத்தன.

டொனால்டு டக் என்னும் வாத்தின் கதைகளை 1942 முதல் 1966 வரை எழுதியும் வரைந்தும் வந்தவர் கார்ல் பார்க்ஸ். புத்தகத்தின்மேல் வால்ட் டிஸ்னியின் பெயர் மட்டுமே இருந்தது. கோட்டின் அழகைக் கொண்டே சில வாசகர்கள் இவர் கையைத் தனியே அடையாளம் கண்டனர். பெயர் தெரியாமையால் 'அந்த நல்ல வாத்து ஓவியர்' என்று குறிப்பிட்டு வந்தனர். பதிப்பகத்துக்கு எழுதி, விசாரித்து, 1960ஆம் ஆண்டளவில்தான் அவர் பெயரைக் கண்டறிந்தனர். பதினெட்டு ஆண்டு உழைப்புக்குப் பிறகு!

நமக்கு நெருங்கிய எடுத்துக்காட்டு ஒன்றும் உண்டு. 1972இல் சிவகாசியிலிருந்து முத்து காமிக்ஸ் வெளியிட்ட முதல் இதழ் இரும்புக்கை மாயாவி. என் தாய்மாமன் இன்றும் அந்தக் கதையைக் கட்டம் கட்டமாக ஒப்பிப்பார். வரைந்தவர் யார் என்று கேட்டால் "வெள்ளைக்காரன் எவனோ" என்பார். அது 1962 முதல் பிரிட்டனில் 'வேலியண்ட்' என்னும் வார இதழில் வந்த தொடர். வரைந்தவர் ஹேஸூஸ் பிளாஸ்கோ என்ற ஸ்பானிய ஓவியர். அக்காலத்து பிரிட்டிஷ் வார இதழ்கள் ஓவியர் பெயரை அச்சிடும் வழக்கமுடையன அல்ல. ஆகவே மாமனைக் குறை கூறுவதற்கில்லை.

பெயர் மறைக்கப்பட்டதற்குக் காரணம் கஞ்சத்தனம் மட்டுமன்று. ஓவியர் பெயர் வாசகருக்குத் தெரிந்துவிட்டால், அடுத்த மாதம் அவர் பக்கத்துக்கு இரண்டு டாலர் கூடுதலாகக் கேட்பார். போட்டிப் பதிப்பகம் அவரை அழைத்துக்கொள்ளும். பெயரற்றவரை எப்பொழுது வேண்டுமானாலும் மாற்றலாம். இந்த நிலையை உடைத்தவற்றுள் ரசிகர் மாநாடு முதன்மையானது என்பேன்.

மாநாடு தோன்றிய கதை

1964 ஜூலையில் நியூயார்க்கில் படக்கதை ரசிகர்கள் சிலர் ஒரு நாள் கூட்டம் நடத்தினர். பெரும்பாலோர் பள்ளி, கல்லூரி வயதினர். பழைய இதழ்களை மாற்றிக்கொள்வதும் விற்பதும் ஒரு நோக்கம். வரைந்தவர்களை நேரில் காண்பது மற்றொரு நோக்கம். 1970 ஆகஸ்டு 1 முதல் 3 வரை கலிஃபோர்னியாவின் சான் டியாகோ நகரில், யு.எஸ். கிராண்ட் என்னும் ஓட்டலில் ஷெல் டார்ஃபும் அவருடைய இளம் நண்பர்களும் நடத்திய மாநாட்டுக்கு ஏறத்தாழ 300 பேர் வந்தனர். ஓவியர் ஜாக் கிர்பியும் எழுத்தாளர் ரே பிராட்பரியும் விருந்தினர். அதே மாநாடு இன்று 1,30,000 பேருக்கு மேல் கூடும் திருவிழாவாகிவிட்டது. திரைப்பட நிறுவனங்களின் ஆரவாரம் அங்கே இப்பொழுது மிகுதி; ஓவியரின் மேசை ஓர் ஓரத்துக்கு நகர்ந்துவிட்டது. முந்நூறு பேர் கூடிய காலத்தில் ஓவியரின் அருகே அமர்ந்து இரண்டு மணி நேரம் பேச முடிந்திருக்கும். அன்று காமிரா இருந்தவர் அரிது. இன்று ஒவ்வொருவர் சட்டைப்பையிலும் காமிரா இருக்கிறது. ஓவியரிடம் இரண்டு நிமிடம் கிடைப்பது அரிது.

காமிரா ஏன் பிந்தி வந்தது என்பதற்கு விடை அதன் விலையிலும் எடையிலும் உள்ளது. 1960களில் ஒலியோடு படம் எடுப்பதென்றால் 16 மில்லிமீட்டர் பிலிம் வேண்டும். 400 அடிச் சுருள் 11 நிமிடம் ஓடும். எழுபது வயது ஓவியர் தம் முதல் முதலாளியைப் பற்றிச் சொல்லத் தொடங்கி, மறந்த பெயரை நினைவுபடுத்திக்கொள்வதற்குள் ஒரு சுருள் தீர்ந்துவிடும். மாணவர்களின் பணப்பைக்கு அது எட்டாத பொருள். 1967இல் சோனி நிறுவனம் தோளில் சுமக்கத்தக்க கறுப்பு வெள்ளை வீடியோக் கருவியைக் கொண்டுவந்தது. 1980களின் நடுப்பகுதியில் பதிவுக் கருவியும் காமிராவும் ஒன்றான கைக்காமிராக்கள் கடைக்கு வந்தன. நாடா மலிவானது, இரண்டு மணி நேரம் ஓடியது. பேச்சை இடைமறிக்க வேண்டிய தேவை ஒழிந்தது.

இந்த இடைவெளியில் இழந்தவை எத்தனை! பேட்மேன் கதையையே எடுத்துக்கொள்வோம். 1939 முதல் அதன்கீழ் பாப் கேன் என்ற ஒரே பெயர்தான் இருந்தது. முதல் கதையை எழுதியவரும், கூர்ங்காது முகமூடியையும் விரிந்த மேலங்கியையும் சொல்லிக் கொடுத்தவரும் பில் ஃபிங்கர். 1965இல் நியூயார்க்கு மாநாட்டு மேடையில் ஃபிங்கர் தோன்றினார். ஜெர்ரி பெயில்ஸ் என்ற கல்லூரி ஆசிரியர், படக்கதை ரசிகர், அவரிடம் கேட்டறிந்தவற்றைக் கட்டுரையாக்கி ரசிகர்களிடையே சுற்றுக்கு விட்டார். பாப் கேன் அதனை மறுத்து நீண்ட கடிதம் எழுதினார். ஃபிங்கர் 1974 ஜனவரியில் வறியவராகவே மறைந்தார். 1989இல் வெளிவந்த தன்வரலாற்றில் ஃபிங்கரின் பங்கைக் கேன் ஒப்புக்கொண்டார். அதிகாரப்பூர்வமாகப் பெயர் சேர்க்கப்பட்டது 2015இல். ஐம்பது ஆண்டு! 1965இல் ஃபிங்கரை ஒரு மேசைமுன் அமர்த்தி, பழைய இதழ்களைக் கையில் கொடுத்து, ஒரு காமிரா ஒரு மணி நேரம் ஓடியிருந்தால், அந்த வழக்கின் போக்கு வேறாக இருந்திருக்கலாம் என்று எனக்குத் தோன்றுகிறது.

ஜாக் கோல் 1958இல் இறந்தார். அதே ஆண்டில் ஜோ மனீலி முப்பத்திரண்டாம் வயதில் ரயிலிலிருந்து விழுந்து இறந்தார். கறுப்பின ஓவியர்களுள் முன்னோடியான மேட் பேக்கர் 1959இல் மறைந்தார். மாநாடுகள் தோன்றுமுன்பே சென்றுவிட்ட இவர்கள் எப்படிப் பேசுவார்கள், எந்தக் கையில் பேனா பிடிப்பார்கள் என்பதைக் காட்டும் மாநாட்டுப் பதிவு நமக்கு இல்லை.

இதற்கு மாறான நிகழ்ச்சியும் உண்டு. 1940களில் ஃபிக்ஷன் ஹவுஸ் என்னும் பதிப்பகத்துக்கு வரைந்த ஓவியர் ஒருவர் 'எல். ரெனே' என்று கையொப்பமிடுவார். வாசகர்கள் ஆண் என்றே எண்ணி 'திரு. ரெனே' என்று கடிதம் எழுதினர். அவர் வியன்னாவிலிருந்து நாசிகளுக்குத் தப்பி 1939இல் இங்கிலாந்துக்கும், பின் நியூயார்க்குக்கும் வந்து சேர்ந்த யூதப் பெண், லில்லி ரெனே. ஓவியரும் ஆராய்ச்சியாளருமான டிரினா ராபின்ஸ் அவரைத் தேடிக் கண்டுபிடித்தார். 2007இல் தம் எண்பத்தாறாம் வயதில் லில்லி ரெனே சான் டியாகோ மாநாட்டுக்கு விருந்தினராக வந்தார். 2022இல், 101ஆம் வயதில் காலமானார்.

மூன்று முன்மாதிரிகள்

ஓவியர் பேட்டிகளைக் கொண்ட படங்களில் மூன்றை நான் திரும்பத் திரும்பப் பார்த்தேன். மூன்றும் மூன்று வழியில் அமைந்தவை.

முதலாவது, கென் வயோலா 1987இல் எடுத்த 'மாஸ்டர்ஸ் ஆஃப் காமிக் புக் ஆர்ட்'. பத்து ஓவியர்கள், ஒரு மணி நேரம். எழுத்தாளர் ஹார்லன் எலிசன் ஒவ்வொருவரையும் அறிமுகம் செய்வார். வில் ஐஸ்னர், ஹார்வி கர்ட்ஸ்மேன், ஜாக் கிர்பி, பிரான்சின் மோபியஸ் முதலியோர் பேசுகின்றனர். ஆளுக்கு ஆறு நிமிடம் என்றால் வணக்கம் சொல்லி விடைபெறவே சரியாயிருக்கும். ஆயினும் இந்தப் பெயர்களை மீண்டும் படித்துப் பாருங்கள். கர்ட்ஸ்மேன் 1993இலும், கிர்பி 1994இலும், ஐஸ்னர் 2005இலும், மோபியஸ் 2012இலும் மறைந்தனர். ஆறு நிமிடமாயினும் அவர்களின் முகமும் குரலும் ஒரே நாடாவில் கிடைக்கின்றன.

இரண்டாவது, கனடா நாட்டு ரான் மான் 1988இல் வெளியிட்ட 'காமிக் புக் கான்ஃபிடென்ஷியல்'. இருபத்திரண்டு பேர் இடம்பெறும் முழுநீளப் படம். இதில் ஒரு புதுமை: ஓவியர்கள் தாங்கள் வரைந்த பக்கத்தைத் தாங்களே வாய்விட்டுப் படிக்கின்றனர், காமிரா அப்பக்கத்தின் கட்டங்களின்மேல் ஊர்ந்து செல்கிறது. எந்தக் கட்டத்தில் குரல் தாழ்கிறது, எங்கே விரைகிறது என்பதைக் கேட்கும்பொழுது, கட்டத்தின் அகலம் நேரத்தைக் குறிக்கிறது என்ற உண்மை விளக்கமின்றியே விளங்கிவிடுகிறது. நான் பார்த்தவற்றுள் இதனையே உயர்ந்த உத்தியாகக் கருதுகிறேன்.

மூன்றாவது, ஒண்டாரியோ மாநிலக் கல்வித் தொலைக்காட்சி 1989 முதல் 1994 வரை ஒளிபரப்பிய 'பிரிசனர்ஸ் ஆஃப் கிராவிட்டி'. விண்கலத்தில் அகப்பட்டுக்கொண்ட ஒருவர் நடத்துவதுபோன்ற வேடிக்கையான அமைப்பு. அதைப் பொருட்படுத்த வேண்டாம். மாநாடுகளுக்கு வந்த எழுத்தாளர்களையும் ஓவியர்களையும் பிடித்துப் பேட்டி கண்டு, அவற்றைத் தலைப்புவாரியாகத் தொகுத்தனர். ஒரு வாரம் ஒரே பொருள். அதே கேள்விக்குப் பலர் விடை. ஒருவர் சொல்வதை மற்றொருவர் மறுக்கும்பொழுது பார்ப்பவர் தாமே சிந்திக்கத் தொடங்குகிறார். மாநாட்டில் நூறு ஓவியர்கள் ஒரே கூரையின்கீழ் இருப்பதன் பயனை முழுமையாக எடுத்துக்கொண்டவர்கள் இவர்களே.

ஒலியே முதல்

இனிப் படம்பிடிக்கும் முறைக்கு வருவோம். 2024 பிப்ரவரியில் சென்னையிலும் காமிக் கான் நடந்தது. நம் மாணவர் யாரேனும் காமிராவோடு செல்லக்கூடும் என்பதால் இப்பகுதியைச் சற்று விரித்தே எழுதுகிறேன்.

மாநாட்டு மண்டபம் சந்தைக்குச் சமம். ஒலிபெருக்கி அறிவிப்பு, குழந்தைகளின் கூச்சல், நாற்காலி இழுபடும் ஓசை எல்லாம் ஒன்றாகக் கலந்து கூரையில் மோதித் திரும்பும். படம் சற்று மங்கலாயிருந்தால் பார்ப்போம். பேச்சு விளங்காவிட்டால் யாரும் பார்க்கமாட்டார். பேசுபவரிடமிருந்து மைக்கின் தூரம் இருமடங்கானால், அதை எட்டும் குரலின் ஆற்றல் நான்கில் ஒரு பங்காகக் குறையும் என்பது இயற்பியல் விதி. சுற்றியுள்ள இரைச்சலோ எங்கும் ஏறத்தாழ ஒன்றுபோலவே இருக்கும். இதை நாங்கள் மூவர் எங்கள் விடுதி உணவுக்கூடத்தில், மதிய உணவு வேளையில் சோதித்தோம். ஒருவர் நாளிதழைப் படிக்க, கைப்பேசியை ஒரு சாண், ஒரு கோல், நான்கு கோல் தூரங்களில் வைத்துப் பதிவு செய்தோம். ஒரு சாணில் ஒவ்வொரு சொல்லும் தெளிவு. ஒரு கோலில் காது கூர்ந்து கேட்க வேண்டியிருந்தது. நான்கு கோலில் சாம்பார் வாளியின் ஓசைதான் கதாநாயகன். ஆகவே சட்டையில் குத்தும் சிறு மைக் இருந்தால் அதுவே நல்லது. இல்லையேல் இரண்டாவது கைப்பேசி ஒன்றை ஓவியரின் மேசைமேல் வைத்து ஒலியை மட்டும் தனியே பதிவு செய்து, பின்னர் படத்தோடு இணைத்துக்கொள்ளலாம். தொடக்கத்தில் ஒருமுறை கைதட்டினால், அந்தத் தட்டலைக் கொண்டு இரண்டையும் பொருத்துவது எளிது. மேடைக் கலந்துரையாடலைப் பதிவு செய்பவர் ஒலியமைப்பாளரிடம் பணிவாகக் கேட்டு, அவர் கருவியிலிருந்தே ஒலியை எடுத்துக்கொள்வது சிறந்தது.

ஒளியைப் பற்றி ஒரு சொல் போதும். ஓவியத்தைப் பிளாஸ்டிக் உறையில் வைத்திருப்பார்கள். நேர் விளக்கு அதில் கண்ணாடிபோல் பளிச்சிடும். உறையிலிருந்து எடுக்கச் சொல்லுங்கள். விளக்கைப் பக்கவாட்டில் வையுங்கள்.

மேசைக்குப் பின்னால் இருப்பவர்

மாநாட்டில் ஓவியர்களுக்கென்று வரிசையாக மேசைகள் போட்டிருப்பார்கள். பல மாநாடுகளில் ஓவியர் அந்த மேசைக்குக் கட்டணம் செலுத்துகிறார். கேட்பவருக்கு அங்கேயே படம் வரைந்து கொடுத்தும், அச்சுப்படங்களையும் புத்தகங்களையும் கையொப்பமிட்டு விற்றும் அந்தப் பணத்தை ஈட்ட வேண்டும். அவருடைய முன்னால் காமிராவை நிறுத்தி முக்கால் மணி நேரம் பேசவைத்தால், முக்கால் மணி நேர வருமானத்தை எடுத்துக்கொள்கிறோம் என்று பொருள். வரிசையில் நிற்பவரும் நம்மை முறைப்பார். ஆதலால் முன்கூட்டியே எழுதிக் கேட்டு, மண்டபம் திறக்குமுன் காலையிலோ மூடிய பின் மாலையிலோ நேரம் வாங்குவதே முறை. கூட்டத்தின் நடுவே எடுத்தாக வேண்டுமானால், அவர் ஒருவருக்குப் படம் வரைந்துகொண்டிருக்கும்பொழுது, அவரும் படம் கேட்டவரும் இசைந்தால், பேசாமல் கையை மட்டும் எடுக்கலாம்.

அந்தக் கைதான் பெரும் செல்வம். பிரெஞ்சு இயக்குநர் கிளூசோ 1956இல் பிக்காசோவை வைத்து எடுத்த படத்தில், மை ஊறித் தெரியும் தாளின் பின்புறத்திலிருந்து காமிரா கோடு பிறப்பதைக் காட்டியது. ஜப்பானில் நவோகி உராசாவா என்ற ஓவியரே நடத்தும் 'மான்பென்' என்ற தொலைக்காட்சித் தொடர் 2014இல் தொடங்கியது. அதில் ஓவியரின் பணிமேசையைச் சுற்றிச் சிறு காமிராக்களைப் பொருத்திவிட்டு, அவரைத் தனியே பல நாள் வரையவிடுகிறார்கள். பின்னர் உராசாவாவும் அவரும் அருகருகே அமர்ந்து அந்தப் பதிவைப் பார்க்கிறார்கள். "ஏன் இங்கே கை நின்றது?" என்பது போன்ற கேள்விகள் பிறக்கின்றன. கலைஞனிடம் கலைஞன் கேட்கும் கேள்வி அது. மாநாட்டில் பல நாள் கிடையாது. ஆனால் ஐந்து நிமிடம் வரையவைத்து, அதை உடனே அவருக்கே காட்டி, நின்ற இடத்தைக் கேட்பதற்குத் தடையில்லை.

பக்கத்தைக் கையில் கொடுங்கள்

"உங்களுக்குக் கற்பனை எங்கிருந்து வருகிறது?" என்ற கேள்வியை ஒவ்வொரு ஓவியரும் ஆயிரம் முறை கேட்டிருப்பார். ஆயிரம் முறை சொன்ன விடையையே நமக்கும் சொல்வார். அவர் வரைந்த மூலப் பக்கத்தையோ அதன் படியையோ கையில் கொடுத்துவிட்டால் நிலைமை மாறும்.

மூலப் பக்கம் என்பது ஓர் ஆவணம். அச்சான புத்தகத்தைவிட அது பெரியது. 1960களின் பிற்பகுதி வரை அமெரிக்க ஓவியர்கள் ஏறத்தாழ பன்னிரண்டரைக்குப் பதினெட்டரை அங்குலப் பரப்பில் வரைந்தனர். அதன்பின் அது பத்துக்குப் பதினைந்து அங்குலமாகச் சுருங்கியது. அச்சில் தெரியாத பல செய்திகள் அதில் உண்டு. வெள்ளைப் பூச்சால் மறைத்த திருத்தங்கள் இருக்கும். அச்சுக்காகப் படமெடுக்கும் பிலிமில் வெளிர்நீலம் பதியாது. ஆதலால் நீலப் பென்சிலில் இட்ட கோடுகளை அழிக்காமலே விட்டிருப்பார்கள். எல்லாவற்றினும் மேலாக, ஓரக் குறிப்புகள்.

1960களில் மார்வெல் நிறுவனத்தில் ஒரு வழக்கம் இருந்தது. ஸ்டான் லீ கதையின் கருவைச் சுருக்கமாகப் பேசுவார். சில வேளைகளில் அதுவும் இராது. ஓவியர் கதையைக் கட்டங்களாகப் பிரித்து இருபது பக்கமும் வரைந்து கொண்டுவருவார். ஒவ்வொரு கட்டத்திலும் என்ன நடக்கிறது என்பதை ஓரத்தில் பென்சிலால் எழுதியிருப்பார். அதைப் பார்த்து லீ உரையாடலை எழுதுவார். புத்தகத்தில் 'எழுத்து: ஸ்டான் லீ, ஓவியம்: ஜாக் கிர்பி' என்று வரும். ஆனால் கதை நிகழ்ச்சியை அமைத்ததில் கிர்பியின் பங்கு எவ்வளவு என்பதற்கு, வெட்டி எறியப்படாமல் எஞ்சிய அந்த ஓரங்களே சாட்சி. தம் மூலப் பக்கங்களைத் திரும்பப் பெறவே கிர்பி 1980களில் பல ஆண்டு போராட வேண்டியிருந்தது; 1987இல் கிடைத்தது ஒரு பகுதிதான். எனவே காமிராவைப் பிடிப்பவர் ஓவியத்தின் நடுவை மட்டும் அழகாக எடுத்துக்கொண்டு திரும்புவது, கல்வெட்டின் பாதியைப் படியெடுத்துக்கொண்டு திரும்புவதற்கு ஒப்பாகும். நான்கு ஓரங்களையும், பின்பக்கத்து முத்திரையையும் எடுக்க வேண்டும். ஓரக் குறிப்பை ஓவியரையே படிக்கச் செய்ய வேண்டும்.

நினைவும் சான்றும்

பேட்டி கொடுப்பவர் பொய் சொல்லவேண்டும் என்பதில்லை, நினைவே திரிந்துபோகும். 1962இல் வந்த ஸ்பைடர்மேனின் முதல் கதையை வரைந்தவர் ஸ்டீவ் டிட்கோ. ஆனால் ஜாக் கிர்பி தம் முதுமையில், 1990இல் வெளியான ஒரு நீண்ட பேட்டியில், அதைத் தாமே படைத்ததாகக் கூறினார். வீண் பெருமை என்று தள்ளிவிடலாமா? இதே பெயருக்குக் கிர்பி முதலில் சில பக்கங்கள் வரைந்ததும், அவை கைவிடப்பட்டு வேலை டிட்கோவிடம் வந்ததும் டிட்கோவே எழுதியுள்ள செய்தி. முதல் இதழின் அட்டைப்படத்தை வரைந்தவரும் கிர்பிதான். ஆக, கூற்றின் அடியில் ஓர் உண்மை வித்து உண்டு. ஆண்டுகளும், உரிமை மறுக்கப்பட்ட மனக்கசப்பும் சேர்ந்து அதை மரமாக வளர்த்துவிட்டன. ஸ்டான் லீயோ தம் பல பேட்டிகளில் ஒரே நிகழ்ச்சியைப் பலவிதமாகச் சுவைபடச் சொன்னவர். தம் நினைவாற்றல் மோசம் என்று அவரே சிரித்துக்கொண்டு ஒப்புக்கொள்வார்.

இங்கேதான் படத்தொகுப்பு செய்பவருக்கு என் வேண்டுகோள். பல பேட்டிப் படங்களில் கேள்வி கேட்பவரின் குரலை வெட்டிவிடுகிறார்கள். ஓவியர் தாமாகவே அருளிச்செய்வதுபோல் தோன்றுகிறது. பார்க்க நன்றாயிருக்கலாம், சான்றாகப் பயன்படுத்துபவனுக்குப் பெருந்தொல்லை. "நீங்கள்தானே அதைப் படைத்தீர்கள்?" என்று கேட்டதற்கு வந்த "ஆம்" வேறு, "அன்று என்ன நடந்தது?" என்று கேட்டதற்கு வந்த விடை வேறு. பத்து நிமிடப் படத்தை வெளியிடுங்கள். ஆனால் வெட்டாத ஒரு மணி நேரப் பதிவை நாள், இடம், கேட்டவர் பெயர் ஆகிய குறிப்புகளோடு நூலகம் ஒன்றில் சேர்த்து வையுங்கள். 1980களின் வீடியோ நாடாக்களில் காந்தப் பூச்சு உதிர்ந்துகொண்டிருக்கிறது. யாரோ ஒருவர் வீட்டுப் பரணில் கிடக்கும் அவற்றை இப்பொழுதே படியெடுக்காவிட்டால் பிறகு ஓடாது.

காமிரா வேண்டாம் என்றவர்

முன்னே சொன்ன 1987ஆம் ஆண்டுப் படத்தில் ஸ்டீவ் டிட்கோவும் ஒருவர். ஆனால் அவர் முகம் அதில் வராது. தம் கொள்கைகளைத் தம் குரலில் பதிவு செய்து கொடுத்தார்; திரையில் அவர் வரைந்த படங்கள் மட்டும் செல்கின்றன. 1960களின் பிற்பகுதிக்குப் பிறகு அவர் பேட்டிகளைத் தவிர்த்துவந்தார். தம் வேலையே தமக்காகப் பேசும் என்பது அவர் நிலை. இத்தனைக்கும் 1964இன் அந்த முதல் நியூயார்க்குக் கூட்டத்துக்கு வந்த ஓவியர்களில் அவரும் ஒருவர்.

2007இல் பி.பி.சி. தொலைக்காட்சிக்காக ஜோனதன் ராஸ் என்பவர் டிட்கோவைத் தேடி நியூயார்க்குக்குச் சென்றார். எழுத்தாளர் நீல் கெய்மனும் உடன் சென்றார். டிட்கோ தம் அலுவலகத்தில் அவர்களைச் சந்தித்துப் பேசினார்; சில புத்தகங்களும் கொடுத்தார். காமிராவுக்கு மட்டும் அனுமதி இல்லை. ஆகவே ஒரு மணி நேரம் தேடியலையும் அப்படத்தில், தேடப்பட்டவர் தோன்றும் காட்சியே இல்லை. வெளியே வந்த இருவரின் மலர்ந்த முகங்களைத்தான் காண்கிறோம். மறைவாகப் படம் எடுத்திருக்க முடியும், எடுக்கவில்லை. படக்கதை ஓவியரின் பெயரையும் உழைப்பையும் ஒரு காலத்தில் அவரைக் கேளாமலே எடுத்துக்கொண்டார்கள். அவர் முகத்தையும் அவ்வாறே எடுத்துக்கொள்ள மறுத்த அந்த ஒளிப்பதிவுக் குழுவின்மீது எனக்குப் பெரு மதிப்பு உண்டு. டிட்கோ 2018இல் நியூயார்க்கில் காலமானார்.